மாவுக்கட்டுக்குள் எலும்பு நகர்ந்துவிட்டது: பிளேட் வைப்பதா, அப்படியே விடுவதா?

கேள்வி கேட்டிருப்பவர் 56 வயதுப் பெண். முப்பது வருடமாகத் தையல் வேலை செய்கிறார், வலது கைப் பழக்கம். ஈரத்தரையில் வழுக்கி வலது உள்ளங்கையை ஊன்றி விழுந்ததில் மணிக்கட்டு முறிந்துவிட்டது. அன்றே மரத்துப்போகும் ஊசி போட்டு, எலும்பை இழுத்துச் சரிசெய்து, மாவுக்கட்டு போட்டிருக்கிறார்கள். எட்டாவது நாள் எடுத்த எக்ஸ்ரேயில் எலும்பு நகர்ந்திருப்பதைப் பார்த்துவிட்டு, பிளேட் (எலும்பைப் பிடித்துவைக்கும் உலோகத் தகடு) வைத்து ஆபரேஷன் செய்ய வேண்டும் என்கிறார் முதல் மருத்துவர். இரண்டாவதாகப் பார்த்தவரோ, "அப்படியே விட்டாலும் சேர்ந்துவிடும், கொஞ்சம் கோணலாக இருக்கும், அவ்வளவுதான்" என்கிறார். வீட்டில் ஆளுக்கொரு யோசனை. உடம்புக்குள் இரும்பு வேண்டாம் என்கிறார் அண்ணன். மூன்று வாரத்தில் கட்டைப் பிரித்து நீவிவிட்டால் போதும் என்று இன்னொருவர் சொல்லியிருக்கிறார். இவருடைய அம்மாவுக்கு 74 வயதில் இதே மாதிரி முறிந்து, ஆபரேஷன் இல்லாமல் கோணலாகவே சேர்ந்து, அப்புறமும் தன் வேலைகளைத் தானே செய்துகொண்டாராம். "அம்மாவுக்குப் போதுமாக இருந்தது எனக்குப் போதாதா டாக்டர்?" என்பதுதான் கடிதத்தின் மையக் கேள்வி. எலும்பு அசைந்துவிடும் என்று பயந்து பத்து நாளாக விரல்களைக்கூட அசைக்கவில்லை, விரல்கள் வீங்கியிருக்கின்றன. மாதவிலக்கு 44 வயதிலேயே நின்றுவிட்டது என்றும் எழுதியிருக்கிறார். கடைசி வரியில், போகிறபோக்கில், இரவில் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் நடுவிரலும் மரத்துப்போய்த் தூக்கம் கலைகிறது என்று ஒரு குறிப்பு. எக்ஸ்ரே அறிக்கையின் நகலையும் இணைத்திருக்கிறார்.

அன்புள்ள வாசகிக்கு,

உங்கள் கடிதத்தின் கடைசி வரியிலிருந்துதான் தொடங்கப்போகிறேன். ஆபரேஷன் வேண்டுமா வேண்டாமா என்று முடிவுசெய்ய உங்களுக்குச் சில நாட்கள் இருக்கின்றன, ஆனால் அந்த மூன்று விரல் மரமரப்பை இன்றைக்கே ஒருவர் பார்க்க வேண்டும்.

மணிக்கட்டின் உள்ளங்கைப் பக்கத்தில் ஒரு குறுகலான சுரங்கம் மாதிரி இடம் இருக்கிறது. விரல்களை மடக்கும் நாண்கள் (தசையை எலும்போடு இணைக்கும் கயிறு மாதிரியானவை) எல்லாம் அதற்குள்ளேதான் ஓடுகின்றன, கூடவே மீடியன் என்ற நரம்பும் போகிறது. கட்டைவிரல், ஆள்காட்டி விரல், நடுவிரல், மோதிரவிரலில் பாதி, இவற்றுக்கு உணர்வு கொடுப்பது இந்த நரம்புதான். சுண்டுவிரலுக்கு வேறு நரம்பு. நீங்கள் சரியாக மூன்று விரல்களைக் குறிப்பிட்டு எழுதியிருப்பதால், இது பொதுவான வீக்கத்தால் வரும் மந்தமான உணர்வு என்று எனக்குத் தோன்றவில்லை, அந்த நரம்பு நெருக்கப்படுகிறது என்றே நினைக்கிறேன். வீக்கம் காரணமாக இருக்கலாம், நகர்ந்த எலும்பு அழுத்தலாம், அல்லது மணிக்கட்டை அதிகமாக உள்பக்கம் மடக்கிவைத்துக் கட்டு போட்டிருக்கலாம். இன்றே போய்ச் சொல்லுங்கள். கட்டை நீளவாக்கில் பிளந்து தளர்த்துவார்கள் அல்லது மாற்றிப் போடுவார்கள், பல பேருக்கு அதிலேயே குறைந்துவிடும். கட்டைத் தளர்த்திய பிறகும் மரமரப்பு ஏறிக்கொண்டே போனால், பகலிலும் நிற்காவிட்டால், கணக்கு மாறிவிடும். நரம்புக்கு இடம் கொடுக்கவே ஆபரேஷன் தேவைப்படும், அதைத் தள்ளிப்போட முடியாது.

அதோடு இன்னொன்று. வலி மாத்திரைக்கும் அடங்காத வலி, யாராவது உங்கள் விரலை மெதுவாக நிமிர்த்தினாலே உயிர் போகிற மாதிரி வலி, விரல்கள் வெளுத்தோ நீலமாகவோ சில்லிட்டோ போவது, இதில் எது வந்தாலும் நடுராத்திரியாக இருந்தாலும் அவசரப் பிரிவுக்குப் போங்கள். கைக்குள் அழுத்தம் ஏறித் தசைக்கு ரத்தம் போகாமல் நின்றுவிட்டால், சில மணி நேரத்திலேயே நிரந்தரச் சேதம் வந்துவிடும். அந்தக் கையில் மோதிரம் இன்னும் இருக்கிறதா? இருந்தால் இன்றே கழற்றிவிடுங்கள், வராவிட்டால் வெட்டி எடுக்கச் சொல்லுங்கள்.

விரலை அசையுங்கள், எலும்பு நகராது

பத்து நாளாக விரல்களை அசைக்காமல் வைத்திருக்கிறீர்கள் என்று படித்தபோது எனக்கு எக்ஸ்ரேயைவிட இதுதான் அதிகக் கவலையைக் கொடுத்தது. முறிந்த இடம் மணிக்கட்டுக்குச் சற்று மேலே இருக்கிறது, அதைக் கட்டு பிடித்துக்கொண்டிருக்கிறது. காற்றில் விரலை மடக்கி நீட்டுவதற்கும் எலும்பு நகர்வதற்கும் சம்பந்தமில்லை. எலும்பு நகர்ந்ததற்கு நீங்கள் ஏதோ தப்பாக அசைத்ததுதான் காரணம் என்று எழுதியிருக்கிறீர்கள், அந்தக் குற்ற உணர்வை விட்டுவிடுங்கள். புறங்கைப் பக்கத்தில் எலும்பு நொறுங்கியிருந்தால் இழுத்து நிறுத்தினாலும் முட்டுக்கொடுக்க அங்கே ஒன்றும் இருக்காது. முதல் ஒன்றிரண்டு வாரத்தில் வீக்கம் வற்றிக் கட்டும் தளரும்போது அது தானாகச் சரியும். அதனால்தான் ஒரு வாரம் கழித்து எக்ஸ்ரே எடுக்கிறோம்.

அசையாத விரல் என்ன ஆகும் என்பதை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். எலும்பு அழகாகச் சேர்ந்திருக்கும், கட்டைப் பிரித்தால் கை மரக்கட்டை மாதிரி இருக்கும், விரல் நுனிக்கும் உள்ளங்கைக்கும் நடுவே மூன்று விரற்கடை இடைவெளி. அதைச் சரிசெய்ய எலும்பு சேர்ந்ததைவிட அதிக நாள் ஆகும். எனவே இன்றிலிருந்து, விழித்திருக்கும் ஒவ்வொரு மணி நேரமும் பத்து முறை இப்படிச் செய்யுங்கள்: விரல்களை முழுக்க நீட்டுங்கள், பிறகு நடுக்கணுவையும் நுனிக்கணுவையும் மட்டும் கொக்கி மாதிரி மடக்குங்கள், திரும்ப நீட்டி முழுக் கைமுட்டியாக மூடுங்கள், அப்புறம் கட்டைவிரல் நுனியால் ஒவ்வொரு விரல் நுனியையும் தொட்டு, கடைசியில் சுண்டுவிரலின் அடிக்குப் போங்கள். வலிக்கும், இழுக்கும், வீக்கம் இருக்கும்வரை முழுசாக மடங்காது. அடுத்த கையால் மெதுவாக உதவலாம். மாவுக்கட்டு உள்ளங்கையின் நடு ரேகையைத் தாண்டி விரல் பக்கம் வந்திருந்தால் கைமுட்டி மூடவே முடியாது, அந்த ஓரத்தை வெட்டிவிடச் சொல்லுங்கள்.

ஸ்லிங்கில் நாள் முழுக்கக் கையைத் தொங்கவிடாதீர்கள். அதில் கை இதயத்துக்குக் கீழே இருக்கும், வீக்கம் வடியாது, தோளும் பிடித்துக்கொள்ளும். உட்காரும்போதும் படுக்கும்போதும் தலையணைகளை அடுக்கிக் கையை நெஞ்சுக்கு மேலே வையுங்கள், தோளையும் முழங்கையையும் ஒரு நாளைக்கு நாலைந்து முறையாவது முழு வீச்சில் அசையுங்கள். அரிக்கிறது என்று கட்டுக்குள் பின்னல் ஊசியை விடாதீர்கள். தோல் கிழிந்தால் கட்டைப் பிரிக்கும்வரை தெரியாது.

உங்கள் எக்ஸ்ரே என்ன சொல்கிறது

முறிந்திருப்பது கட்டைவிரல் பக்கத்து எலும்பு, ரேடியஸ். அதன் நுனி சாதாரணமாக உள்ளங்கைப் பக்கம் சுமார் 11 டிகிரி சாய்ந்திருக்கும். இழுத்து வைத்த அன்று உங்களுக்கு அது புறங்கைப் பக்கம் 4 டிகிரி, அது பரவாயில்லை. எட்டாம் நாள் 18 டிகிரி. அதாவது இயல்பான நிலையிலிருந்து கிட்டத்தட்ட 29 டிகிரி பின்னால் சாய்ந்துவிட்டது. எலும்பு 4 மில்லிமீட்டர் குட்டையாகியும் இருக்கிறது. நல்ல செய்தி, மூட்டுப் பரப்புக்குள் பிளவு இல்லை. சுண்டுவிரல் பக்கத்து எலும்பின் நுனியில் ஒரு சின்னத் துண்டு உடைந்திருப்பதாக எழுதியிருக்கிறது, இந்த மாதிரி முறிவில் அது அடிக்கடி கூடவே வருவதுதான், பெரும்பாலும் அதற்குத் தனியாக ஒன்றும் செய்வதில்லை.

அமெரிக்க எலும்பு அறுவை மருத்துவர்களின் சங்கம் வெளியிட்டிருக்கும் வழிகாட்டுதலில், 65 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு, இழுத்து வைத்த பிறகும் புறங்கைப் பக்கச் சாய்வு 10 டிகிரிக்கு மேலோ, குட்டையாவது 3 மில்லிமீட்டருக்கு மேலோ, மூட்டுக்குள் மேடுபள்ளம் 2 மில்லிமீட்டருக்கு மேலோ இருந்தால் ஆபரேஷன் செய்துகொண்டவர்களுக்குப் பலன் கூடுதலாக இருப்பதாகச் சொல்லப்பட்டிருக்கிறது. அதே வழிகாட்டுதல் 65-ஐத் தாண்டியவர்களுக்கு நேர்மாறாகச் சொல்கிறது: நீண்ட நாள் கழித்துக் கேட்டால், ஆபரேஷன் செய்தவர்களும் செய்யாதவர்களும் தங்கள் கையைப் பற்றிச் சொல்வதில் பெரிய வித்தியாசம் இல்லை.

உங்கள் அம்மா கேள்விக்கும் பதில் இதில்தான் இருக்கிறது. அம்மாவுக்குச் செய்தது சரியான வைத்தியம். இந்த முறிவை 1814-இல், எக்ஸ்ரே கண்டுபிடிப்பதற்கு எண்பது வருடம் முன்னால், விவரித்து எழுதிய டப்ளின் மருத்துவர் ஆபிரகாம் காலிஸ்கூட, கோணல் கடைசிவரை இருக்கும் என்றாலும் காலப்போக்கில் வலி போய்க் கை நன்றாக அசையும் என்றுதான் எழுதினார். கையிலிருந்து நாம் கேட்கும் வேலை குறைவாக இருந்தால் கோணலான மணிக்கட்டும் ஈடுகொடுக்கும். நீங்கள் அம்மாவைவிடப் பதினெட்டு வயது இளையவர், அதைவிட முக்கியம், உங்கள் கை நாள் முழுக்கக் கத்தரிக்கோலை இறுக்கிப் பிடித்து அடுக்குத் துணியை வெட்டுகிறது, இஸ்திரிப் பெட்டியை அழுத்துகிறது, துணியைத் திருப்பித் திருப்பிப் போடுகிறது. எலும்பு குட்டையானால் பக்கத்து எலும்பு நீட்டிக்கொண்டு நின்று, சுண்டுவிரல் பக்கம் வலி வரும், உள்ளங்கையை மேலே திருப்புவது குறையும், பிடியில் வலு குறையும்.

அதனால் இரண்டாவது மருத்துவர் சொன்னது பொய் என்றோ முதல் மருத்துவர் ஆபரேஷன் ஆசையில் சொன்னார் என்றோ எடுத்துக்கொள்ள வேண்டாம். இது இரண்டு பக்கமும் நியாயம் உள்ள முறிவு. நீங்கள் தையல்காரர் என்பதை இரண்டாவது மருத்துவரிடம் சொன்னீர்களா? கடிதத்தில் அது இல்லை. சொல்லியிருந்தால் அவர் பதிலும் மாறியிருக்கலாம்.

இப்போது கையில் இருக்கும் வழிகள்

அப்படியே மாவுக்கட்டிலேயே விடுவது. மயக்க மருந்து இல்லை, வெட்டு இல்லை, தொற்று பயம் இல்லை. மொத்தம் ஆறு வாரம் கட்டு. ஆனால் எட்டு நாளில் 14 டிகிரி சரிந்த எலும்பு இன்னும் கொஞ்சம் சரியும் என்றே எதிர்பார்க்க வேண்டும். பிற்பாடு தொந்தரவு கொடுத்தால், சேர்ந்த எலும்பை வெட்டி நிமிர்த்தும் ஆபரேஷன் உண்டு, முடியாத காரியமில்லை, ஆனால் இப்போது செய்வதைவிடப் பெரிய வேலை. மூன்று வாரத்தில் பிரித்து நீவுவது என்ற யோசனையை மட்டும் தயவுசெய்து கேட்காதீர்கள். மூன்று வாரத்தில் அங்கே இருப்பது இன்னும் கெட்டிப்படாத புது எலும்பு.

மறுபடி இழுத்துக் கட்டுவது. ஒரு தடவை சரிந்தது மறுபடியும் சரிய வாய்ப்பு அதிகம், நான் உங்களுக்கு இதைச் சொல்ல மாட்டேன்.

இழுத்து வைத்துக் கம்பி குத்துவது. தோல் வழியாக இரண்டு மூன்று மெல்லிய கம்பி, மேலே கட்டு, நாலு முதல் ஆறு வாரத்தில் கம்பியை உருவிவிடுவார்கள். கம்பியையும் பிளேட்டையும் ஒப்பிட்டு பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் 2014-இல் வந்த ஆய்வில், 461 பேரைப் பார்த்ததில் ஒரு வருட முடிவில் குறிப்பிடும்படி வித்தியாசம் இல்லை. ஆக, பிளேட்தான் உசத்தி, கம்பி பழைய வைத்தியம் என்று நினைக்க வேண்டாம். ஆனால் கம்பிக்கு எலும்பு முதலில் வெளியிலிருந்து இழுத்தாலே இடத்துக்கு வர வேண்டும், இரண்டு வாரத்தை நெருங்கும்போது அது கஷ்டமாகிக்கொண்டே போகும். எலும்பு மெலிந்திருந்தால் கம்பியின் பிடியும் குறையும்.

பிளேட். உள்ளங்கைப் பக்கம் மணிக்கட்டுக்கு மேலே ஒரு வெட்டு, எலும்பை நேராகப் பார்த்து நிமிர்த்தி, பிளேட்டோடு பூட்டிக்கொள்ளும் ஸ்க்ரூக்கள். பெரும்பாலும் கையை மட்டும் மரக்கவைத்தே செய்யலாம். இதன் பெரிய லாபம், ஒன்றிரண்டு வாரத்திலேயே மணிக்கட்டை அசைக்கத் தொடங்கலாம், முதல் மூன்று மாதம் மற்ற வழிகளைவிடக் கை முன்னேறியிருக்கும். பாதகங்களையும் சொல்லிவிடுகிறேன்: தொற்று, நரம்பில் எரிச்சல், ஸ்க்ரூ நீளமாக இருந்தால் புறங்கைப் பக்கத்திலும் பிளேட் ஓரம் நீட்டியிருந்தால் உள்ளங்கைப் பக்கத்திலும் நாண் உராய்ந்து அறுவது. கட்டைவிரலைத் திடீரென்று தூக்கவோ மடக்கவோ முடியவில்லை என்றால் அதைக் காட்ட வேண்டும், கட்டு மட்டும் போட்டவர்களுக்கும் சில வாரம் கழித்துத் தூக்கும் நாண் அறுவது உண்டு.

உங்கள் அண்ணனிடம் சொல்லுங்கள், பிளேட் தொந்தரவு தராதவரை அப்படியே விட்டுவிடுவோம், எடுத்தே ஆக வேண்டியதில்லை. பின்னாளில் எம்.ஆர்.ஐ. எடுக்க வேண்டி வந்தால் முன்கூட்டியே சொன்னால் போதும், பெரும்பாலும் அது தடையாக இருப்பதில்லை.

என் அபிப்பிராயத்தைக் கேட்டால், உங்கள் வயது, வேலை, எட்டு நாளில் சரிந்த அளவு, இப்போது நரம்பும் நெருக்கப்படுவது, இத்தனையையும் சேர்த்துப் பார்க்கும்போது நான் பிளேட் பக்கமே சாய்கிறேன். இது கையைத் தொட்டுப் பார்க்காமல் சொல்வது. உங்களுக்குச் சர்க்கரை, ரத்தம் உறையாமலிருக்கும் மாத்திரை இதெல்லாம் உண்டா என்று எழுதவில்லை, இருந்தால் மருத்துவரிடம் மறக்காமல் சொல்லுங்கள். காலக்கெடு முக்கியம்: முதல் இரண்டு வாரத்துக்குள் என்றால் சுலபம், மூன்று வாரம் தாண்டினால் புது எலும்பை உடைத்துத்தான் நிமிர்த்த வேண்டியிருக்கும். ஆகவே இந்த வாரத்துக்குள் முடிவு எடுங்கள்.

எக்ஸ்ரே நகல்களும் சிகிச்சைக் குறிப்பும் கேட்டு வாங்குங்கள், தயங்க வேண்டாம். ஆபரேஷன் செய்பவரிடம் இதை நேராகக் கேளுங்கள்: எனக்கு ஏன் கம்பி போதாது, நரம்புக்கும் சேர்த்து வழி விடுவீர்களா, எத்தனையாம் நாள் மணிக்கட்டை அசைக்க விடுவீர்கள், இந்த மாதிரி எத்தனை செய்திருக்கிறீர்கள். சம்மதப் படிவத்தைப் படித்துப் புரிந்த பிறகு கையெழுத்து போடுங்கள். இடது கையால் போட்டாலும் செல்லும்.

எலும்பு ஏன் இவ்வளவு சுலபமாக முறிந்தது

இதை இரண்டு மருத்துவர்களும் பேசவில்லை என்பது எனக்கு வருத்தம். நின்ற உயரத்திலிருந்து விழுந்து முறிவதை ஐம்பது தாண்டிய பெண்ணிடம் பார்த்தால், எலும்பு மெலிந்திருக்கிறதா என்று சோதிக்க வேண்டும். உங்களுக்கு 45-க்கு முன்பே மாதவிலக்கு நின்றிருக்கிறது, அம்மாவுக்கும் முறிந்திருக்கிறது. எலும்பின் அடர்த்தியை அளக்கும் டெக்ஸா ஸ்கேன் எடுங்கள், அதில் டி-ஸ்கோர் (உங்கள் எலும்பு அடர்த்தியை ஆரோக்கியமான இளம் வயதினரோடு ஒப்பிடும் எண்) மைனஸ் 2.5 அல்லது அதற்கும் கீழே இருந்தால் எலும்புப்புரை. கூடவே வைட்டமின் டி, கால்சியம், தைராய்டு ரத்தப் பரிசோதனைகள். கால்சியம் மாத்திரை மட்டும் விழுங்கினால் போதும் என்று பலர் விட்டுவிடுகிறார்கள். எலும்புப்புரை உறுதியானால் அதற்கென்று தனி மருந்துகள் உண்டு. மணிக்கட்டு பல நேரம் முதல் எச்சரிக்கை, அடுத்தது முதுகெலும்பாகவோ இடுப்பாகவோ இருக்கலாம், இடுப்பு முறிவு படுக்கையில் போட்டுவிடும்.

கத்தரிக்கோல் எப்போது?

பிளேட் வைத்தால் தையல் பிரித்த பிறகு, அதாவது இரண்டு வாரத்தில், ஊசியில் நூல் கோர்ப்பது, பட்டன் தைப்பது மாதிரி லேசான வேலை தொடங்கலாம். ஆறு வாரத்தில் மெல்லிய துணி. அடுக்குத் துணியும் இஸ்திரிப் பெட்டியும் மூன்று மாதத்துக்குப் பிறகுதான். கட்டிலேயே விட்டால் இவை ஒவ்வொன்றுக்கும் இன்னும் நாலைந்து வாரம் கூட்டிக்கொள்ளுங்கள். கட்டு பிரித்த அன்று கை மெலிந்து, தோல் உரிந்து, மணிக்கட்டு அசையாமல் இருப்பதைப் பார்த்துப் பலர் அழுதுவிடுகிறார்கள். அது எல்லோருக்கும் அப்படித்தான் இருக்கும். உள்ளங்கையை மேலே திருப்புவதுதான் கடைசியாக வரும். முன்னேற்றம் ஒரு வருடம்வரை தொடரும், ஆறாவது மாதத்தில் இருப்பதே முடிவு என்று நினைக்காதீர்கள். ஆனால் வலி நாளுக்கு நாள் எரிச்சலாக மாறி, தோல் பளபளத்து நிறம் மாறி, துணி பட்டாலே கூசினால், பிசியோதெரபி தேதிவரை காத்திருக்காமல் உடனே காட்டுங்கள்.

கையில் வாங்கி வைத்திருக்கும் துணிகளுக்கு இப்போதே தவணை கேட்டுவிடுங்கள். முதல் நாள் கத்தரிக்கோல் பிடிக்கும்போது பத்து நிமிடம் வெட்டிவிட்டுக் கீழே வையுங்கள். மறுநாள் காலையில் விரல்கள் வீங்கியிருந்தால் அது அதிகம், இரண்டு நாள் விட்டு ஐந்து நிமிடத்திலிருந்து தொடங்குங்கள். வீக்கம் இல்லையென்றால் பதினைந்து நிமிடத்துக்குப் போகலாம்.